இருநூறு வாட்ஸ் பல்பு

மேடைக்குப் பின்னால் ஒற்றை வயரில் தொங்கிய அந்த பல்பு இருநூறு வாட்ஸ். அதன் சூடு கழுத்தில் பட்டது இன்னும் நினைவிருக்கிறது.

எண்பதுகளின் கடைசி. வேலம்பாளையத்தில் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை பார்த்தபடி தபாலில் பி.ஏ. படித்துக்கொண்டிருந்தேன். வேலை செய்கிறவர்களே சேர்ந்து நாடகம் போட்டோம். திரையும் விளக்கும் அண்ணாச்சி பொறுப்பு. திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்த மெஷின் மெக்கானிக் அவர். மேடை ஏற மாட்டார். ஆனால் நாடகம் மனுஷனை மாற்றிவிடும் என்று உண்மையிலேயே நம்பினார். "பொம்பள வேஷத்தப் பொம்பளதான் போடணும். இல்லேன்னா நாடகமே வேண்டாம்" என்று ஒற்றைக்காலில் நின்றார். "உங்கூருக்கு ஒத்து வருமுங்க அண்ணாச்சி, இங்க கல்லுதான் வரும்" என்று கட்டிங் மாஸ்டர் கிண்டலடித்தார். வேஷம் எனக்கு வந்தது. அப்பா ஒரே நிபந்தனை போட்டார்: "ஒரு பேச்சு வந்துச்சுன்னா வேலையும் கெடையாது, படிப்பும் கெடையாது கண்ணு."

திரை, கம்பெனி கழித்துப்போட்ட பனியன் துணி. அன்று காலையில்தான் மாட்டினோம். துணியை டியூப்லைட்டுக்கு நேராகப் பிடித்து ஓட்டை பார்ப்பதுதான் தினமும் என் வேலை. அப்படியும் இந்தத் திரையை வெளிச்சத்தில் பார்க்க எனக்குத் தோன்றவில்லை.

இரண்டாம் காட்சி முடிந்து திரை மூடியது. ஹால் இருட்டு. புடவை மாற்ற ஓடி, தோளில் பின்னைக் கழற்றினேன். எனக்கு உதவியாக இருக்கட்டும் என்று, வாசலில் ஸ்விட்ச் போர்டு பக்கம் நின்ற யாரோ ஒருவர் எனக்குப் பின்னால் இருந்த பல்பைப் போட்டுவிட்டார். திரை முழுக்க என் நிழல். அந்தப் பக்கம் ஊரே உட்கார்ந்திருக்கிறது, இரண்டாவது வரிசையில் அப்பா. யாரோ விசிலடித்தார்கள். அண்ணாச்சி ஸ்டூலில் பாய்ந்து ஏறி, எரிகிற பல்பை வெறுங்கையால் அமுக்கித் திருகிக் கழற்றினார். இருட்டில் குரல் மட்டும் வந்தது: "மாத்தும்மா. நான் அங்கிட்டுத் திரும்பித்தான் நிக்கேன்."

மீதி நாடகத்தில் என்ன பேசினேனோ! சைக்கிளில் வீடு திரும்பும்போது அப்பாவின் முதுகையே பார்த்துக்கொண்டு வந்தேன். வாசலில் இறங்கிய பிறகுதான் வாய் திறந்தார்.

"நடுவால பல்ப்பு பீஸ் போயிருச்சாட்ட இருக்குது?"

"ஆமாங்கப்பா."

"செரி, படு. காலைல நேரமே வேலைக்குப் போகோணுமல்ல."

பார்த்தாரா, பார்க்கவில்லையா? கடைசிவரை கேட்க எனக்குத் தைரியம் வரவில்லை.

மறுநாள் அண்ணாச்சி வலது கையில் வேஸ்ட் துணியைச் சுற்றிக்கொண்டு, இடது கையால் ஸ்க்ரூ முடுக்கிக்கொண்டிருந்தார். "சுட்டுருச்சுங்களா?" என்றேன். "மெஷின் சூடும்மா" என்றார். பிறகு தலை நிமிராமலே, "அடுத்த நாடகத்துக்குத் திரைத்துணிய நீயே வெளிச்சத்துல பிடிச்சுப் பாத்துச் சொல்லு" என்றார்.

இப்போது வீட்டில் எல்லாம் எல்.இ.டி. எரியும்போது தொட்டாலும் அப்படிச் சுடாது. ஆனாலும் மாற்ற ஸ்டூலில் ஏறினால், தொடுவதற்கு முன் என் உள்ளங்கை ஒரு நொடி தயங்கிவிடுகிறது.