பீரங்கி மேடையில் சமாதி இல்லை

எங்கள் நிலத்தில் யாரும் சமாதி ஆகவில்லை. இல்லாத சமாதியை அங்கே கொண்டுவந்து வைத்தவர் ஒரே ஒருவர்தான். திருவண்ணாமலையில் இருக்கும் ஓய்வுபெற்ற வரலாற்றுப் பேராசிரியர், யூடியூபில் ஊர்க்கதை சொல்கிறவர். அவர் சொன்னது பொய். பொய் என்று தெரிந்த பிறகும் அதைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறார்.

எங்களுக்கு அடி அண்ணாமலையில் கொஞ்சம் நிலம். வேர்க்கடலை போடுகிறோம். கிரிவலப் பாதையிலிருந்து வரப்பு வழியாக வந்தால் கிணற்றுக்குப் பக்கத்தில் ஒரு கருங்கல் மேடை. பீரங்கி மேடை என்போம். கும்பினிக்காரன் காலத்தில் ஒரு துரை அதன்மேல் பீரங்கியை நிறுத்தியிருந்தான் என்று என் மாமனார் சொல்வார். அதற்கு மேல் அவருக்கும் தெரியாது, எங்களுக்கும் அக்கறை இல்லை. அதில் கடலை காயவைப்போம், துணி உலர்த்துவோம். என் மகள் அதன்மேல் உட்கார்ந்துதான் வீட்டுப்பாடம் எழுதினாள்.

போன வருடம் பேராசிரியர் கேமராவோடு வந்தார். மோர் கொடுத்தேன்.

"யாரும்மா இதக் கட்டனது?"

"யாரோ வெள்ளக்காரத் தொரைன்னு சொல்லுவாங்க சார். பீரங்கி வெக்கறதுக்காம்."

அந்தத் துரை யார் என்று எங்கெங்கோ தேடிக் கண்டுபிடித்தார், கும்பினிப் படையில் மேஜர் ஜெனரலாக இருந்தவராம். அதுவரைக்கும் சரி. ஆனால் அடுத்து வந்த வீடியோவில் கதை வேறு. அந்த மேஜர் ஜெனரல் மலைமேல் தீபத்தைப் பார்த்தாராம். கத்தியைத் தூக்கிப் போட்டுவிட்டு வெறுங்காலோடு மலையைச் சுற்றினாராம். சித்தராகி, எங்கள் மேடைக்கு அடியில் ஜீவசமாதி ஆனாராம்.

இந்த ஊரில் இது சுலபமாக எடுபடும். வெள்ளைத் தோலோடு யார் வந்தாலும் ஞானம் தேடித்தான் வந்திருப்பார் என்று நாம் நினைத்துப் பழகிவிட்டோம். இன்று லாட்ஜில் தங்கித் தியானம் செய்கிறவரையும் அன்று துப்பாக்கியோடு வந்தவனையும் ஒரே பாயில் உட்காரவைக்கிறோம்.

அடுத்த பௌர்ணமிக்கே ஆட்கள் வந்துவிட்டார்கள். செடியை மிதித்துக்கொண்டு வந்து கற்பூரம் ஏற்றினார்கள். பிறகு மஞ்சள் துணி வந்தது, சூலம் வந்தது, பேனர் வந்தது. இப்போது ஒரு கமிட்டி. வரும் பௌர்ணமிக்கு அடிக்கல் நாட்டிச் சுற்றுச்சுவர் எழுப்பப் போகிறார்கள். சுவர் வந்தால் எனக்குக் கிணற்றுக்குப் போக வழி கிடையாது. கிணறு இல்லாவிட்டால் அந்த நிலத்தில் ஒன்றும் விளையாது. பட்டா என் பெயரில்தான் இருக்கிறது. காட்டினேன். "சாமி காரியத்துக்குக் குறுக்க நிக்காதம்மா" என்றார்கள்.

என் மகள் டவுனில் ஒரு லாட்ஜில் வரவேற்பில் இருக்கிறாள். அங்கே இங்கிலாந்திலிருந்து வந்து தங்கிய வயதான அம்மா ஒருவர் இதே ஜெனரலைப் பற்றி விசாரித்திருக்கிறார். அவருடைய கொள்ளுத்தாத்தாவுக்குத் தாத்தாவாம். மகள் ஆட்டோவில் அழைத்துவந்தாள். பேனரில் சிவப்புக் கோட்டுப் போட்ட துரைக்குக் கம்ப்யூட்டரில் ஜடாமுடியும் விபூதியும் வைத்திருந்தார்கள். அந்த அம்மா நின்று பார்த்தார்.

"இவுரு யாருன்னு கேக்கறாங்கம்மா."

"அவங்க தாத்தாதான்னு சொல்லு."

அவர் சிரித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, மறுபடி பார்த்துவிட்டு மறுபடி சிரித்தார்.

மேடையில் உட்காரவைத்து வேகவைத்த கடலை கொடுத்தேன். தின்றுகொண்டே தாத்தாவின் கதையைச் சொன்னார். மீசை முளைக்கும் முன்னால் கப்பலேறி வந்தவர். முதலில் படையில் கொடி பிடிக்கும் சின்ன அதிகாரி. பிறகு கேப்டன். ஊர் ஊராகப் போய் நெல்லும் வைக்கோலும் பீரங்கி இழுக்க மாடும் பிடித்துவருகிற வேலை. அதை நன்றாகச் செய்ததால் கர்னல். கடைசியில் மேஜர் ஜெனரல். ஊருக்குத் திரும்பிப் பெரிய வீடு கட்டி, கால்வீக்கத்தோடு பல வருடம் இருந்து, நாற்காலியிலேயே செத்துப்போனார். கல்லறை அந்த ஊர் சர்ச்சில் இருக்கிறது. வீட்டில் எல்லோரும் அவரைப் பெருமையாகத்தான் சொல்வார்களாம். தனக்கு அவ்வளவு பெருமை இல்லை என்றார். அந்த மாடுகள் யாருடையவை என்று அவருக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.

"நம்ம மல அவருக்குப் புடிச்சுதாமா, கேளு."

"புடிக்கலியாம்மா. எதிரி வர்றது தெரியாம மறைக்குதுன்னு திட்டுவாராம்."

அந்தத் துரைமேல் எனக்கு அப்போதுதான் கொஞ்சம் மதிப்பு வந்தது. நினைத்ததைச் சொல்லியிருக்கிறான்.

மறுநாள் மூன்று பேரும் பேராசிரியர் வீட்டுக்குப் போனோம். காபி கொடுத்தார். அந்த அம்மா இதையெல்லாம் மறுபடி சொன்னார். பேராசிரியருக்கு நல்ல ஆங்கிலம். ஒரு வார்த்தை விடாமல் கேட்டுக்கொண்டு, என் பக்கம் திரும்பித் தமிழில் சொன்னார்.

"ஒடம்பு அங்க இருக்கட்டும்மா. உயிரு இங்கியே தங்கிடுச்சு. ஜனங்க நம்பறாங்க, அத ஏன் கெடுக்கணும்?"

அவர் என்ன சொன்னார் என்று அந்த அம்மா கேட்டார். மகள் என்னைப் பார்த்தாள். "இத எப்படிம்மா இங்கிலீஷ்ல சொல்றது?"

அந்த அம்மா ஊருக்குப் போனதும் அடுத்த வீடியோ வந்தது. ஜெனரலின் வாரிசு சமாதியில் தியானம் செய்தாராம். மேடையில் அந்த அம்மா கடலை தின்றபோது என் மகள் எடுத்து வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் வைத்த படத்தைப் பேராசிரியர் அதில் போட்டிருக்கிறார். வெயிலுக்குக் கண்ணை மூடியிருந்தார் அந்த அம்மா, அவ்வளவுதான். மடியில் இருந்த கடலைத்தோலை மட்டும் வெட்டிவிட்டார்.

கமிட்டிக்காரர்களிடம் நான் கோபப்படவில்லை. அவர்கள் நம்புகிறார்கள். நான் சொன்னால் கேட்க மாட்டார்கள், பேராசிரியர் சொன்னால் கேட்பார்கள். அதனால் அவரிடம் கேட்கிறேன். கத்தியைப் போட்டதை யார் பார்த்தார்கள்? அந்த அம்மா உங்கள் வீட்டில் உட்கார்ந்து கல்லறை எங்கே என்று சொன்னாரா, இல்லையா? என்னைத் தனியாகக் கூப்பிட்டுச் சமாதானம் சொல்ல வேண்டாம். அடிக்கல் நாட்டும் முன்னால் அந்த மேடைக்கு வாருங்கள். மைக் நான் வைக்கிறேன். உங்கள் கேமராவையும் எடுத்துக்கொண்டு வாருங்கள். கூடியிருக்கும் எல்லோருக்கும் கேட்கும்படி பதில் சொல்லுங்கள்.