மூன்று ஊர் சொன்ன வழிகாட்டி

நான் ஒரு மனிதரின் வேலையைக் கெடுத்தேன். கோபத்தில் கெடுக்கவில்லை, வாய் தவறியும் சொல்லவில்லை. யோசித்து, நிதானமாக, நல்ல தமிழில் சொல்லித்தான் கெடுத்தேன். அதை எழுதி வைக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

என் மனைவியின் தம்பி கனடாவிலிருந்து வந்திருந்தார். எங்கள் வீட்டில் ஏசி இல்லை. அதனால் திருகோணமலை நகருக்குச் சற்று வெளியே, உப்புவெளியில் கடற்கரையோர விடுதி ஒன்றில் தங்கினார். அந்த விடுதிக்காரர்கள் விருந்தினர்களுக்காக ஒரு சுற்றுலா வைத்திருந்தார்கள். காலை வேனில் ஏற்றி, கோட்டை, கோணேசர் கோயில், உள்துறைமுகம் தெரியும் மேடு, இறங்குதுறை எல்லாம் காட்டி, பகல் சாப்பாட்டுக்குத் திரும்பக் கொண்டுவந்து விடுவார்கள். எழுபத்துநான்கு வயதாகியும் நான் வாழ்ந்துவரும் நகரத்தை வேனில் ஏறிச் சுற்றிப் பார்ப்பதா என்று எனக்குச் சிரிப்பு வந்தது. மச்சான் விடவில்லை.

"வாங்கோ அத்தான். ஒரே பேப்பரைத் திருப்பித் திருப்பி வாசிக்கிறதுக்கு இது பரவாயில்ல. பிழை பிடிக்கவெண்டாலும் வாங்கோ."

பிழை பிடிக்கத்தான் போனேன்.

வேனில் எங்களோடு குருநாகலிலிருந்து வந்த சிங்களத் தம்பதியர் இருந்தார்கள். வழிகாட்டிக்கு முப்பத்தைந்து வயது இருக்கும். மடிப்புக் கலையாத வெள்ளைச் சட்டை. கையில் ஒரு பிளாஸ்டிக் கோப்பு. வேன் புறப்படுமுன் எங்களைப் பார்த்துத் தமிழிலும் பிறகு சிங்களத்திலும் ஒன்றையே சொன்னார்.

"இண்டைக்கு எனக்கு முதல் நாள். விடுதி அம்மா பரீட்சைக்குத்தான் விட்டிருக்கிறா. நீங்கள் திரும்பிப் போய் நல்லதா ஒரு சொல் சொன்னால் சீசன் முழுக்க எனக்கு வேலை. பிழை விட்டால் அந்த இடத்திலேயே சொல்லுங்கோ, திருத்திறன்."

மற்றவர்கள் சிரித்தார்கள். எனக்கு அது பிடிக்கவில்லை. இவ்வளவு வெளிப்படையாகக் கேட்பவன் எதையோ மறைக்கிறான் என்று நினைத்தேன். இப்போது யோசித்தால், மறைக்க எதுவும் இல்லாதவர்தான் அப்படிக் கேட்பார்.

பிறகு என் பக்கம் திரும்பி, "ஐயா எவடம்?" என்றார்.

திருகோணமலையில் அது சும்மா கேட்கும் கேள்வி அல்ல. ஊர்ப் பெயர் ஒன்றைச் சொன்னால் போதும். நீங்கள் எந்தக் கோயிலுக்குப் போவீர்கள் அல்லது எந்தப் பள்ளிவாசலுக்குப் போவீர்கள், சண்டைக் காலத்தில் எந்தப் பக்கம் ஓடினீர்கள், யார் உங்களை மறித்து விசாரித்திருப்பார்கள் என்பதெல்லாம் கேட்டவருக்கு விளங்கிவிடும். நான் பதில் சொல்லாமல் திருப்பிக் கேட்டேன்.

"தம்பி எவடம்?"

"சாம்பல்தீவு ஐயா."

அதை மனதில் குறித்துக்கொண்டேன். அப்படிக் குறிப்பது எனக்குத் தொழிலாக இருந்தது. ஓய்வு பெறும்வரை ஒரு அரச அலுவலகத்தில் இடம்பெயர்ந்து வந்தவர்களைப் பதியும் மேசையில் இருந்தேன். ஒரே ஆள் இரண்டு ஊர் சொன்னால், இரண்டு இடத்தில் நிவாரண அரிசி வாங்க வந்தவர் என்று முடிவெடுத்துப் பெயரை வெட்டுவோம். அப்படி எழுதிய சட்டம் எதுவும் இல்லை. எனக்கு முன் அந்த மேசையில் இருந்தவர் செய்தார், நானும் செய்தேன். வெட்டிய பெயர்களுக்குப் பின்னால் நின்ற முகங்களை நான் அதிகம் நிமிர்ந்து பார்த்ததில்லை.

கோட்டை வாசலில் காவலுக்கு நின்ற சிப்பாயோடு வழிகாட்டி சிங்களத்தில் ஏதோ கதைத்தார். இருவரும் சிரித்தார்கள். சிப்பாய் எங்கள் வேனைப் பார்த்துத் தலையாட்டி விட்டான். சாம்பல்தீவுத் தமிழனுக்கு இவ்வளவு சரளமான சிங்களம் எங்கிருந்து வந்தது? பழைய பயம் ஒன்று எழுந்தது. முகத்தை மூடிய ஒருவன் தலையாட்டி, ஆட்களை ஆமிக்குக் காட்டிக்கொடுத்த காலம் ஒன்று இருந்தது. அது முடிந்துவிட்டது என்று எல்லோரும் சொல்கிறார்கள். நானும் சொல்வதுண்டு.

உள்ளே மான்கள் குப்பைத் தொட்டியைக் கிளறிக்கொண்டிருந்தன. போர்த்துக்கேயர் கோயிலை இடித்த கல்லில் கோட்டை கட்டியதையும் பிறகு ஒல்லாந்தர் வந்ததையும் ஆங்கிலேயர் வந்ததையும் அவர் சுருக்கமாக, யாருக்கும் நோகாமல் சொன்னார். பிழை பிடிக்க முடியவில்லை. பிழையே விடாதது எனக்கு இன்னும் சந்தேகத்தைத் தந்தது. பாடமாக்கிக்கொடுத்து அனுப்பியிருக்கிறார்கள் என்று நினைத்தேன். யார் அனுப்பினார்கள், எதற்கு என்று நான் என்னையே கேட்கவில்லை.

மலை உச்சியில், பிள்ளை வரம் கேட்டுச் சின்னத் தொட்டில்கள் கட்டிய மரத்தடியில், குருநாகல் அம்மா அது என்ன என்று கேட்டார். வழிகாட்டி குரலைத் தாழ்த்தி விளக்கினார். அந்த அம்மா சிறிது நேரம் தொட்டில்களையே பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு, அவருடைய ஊரைக் கேட்டார். என் சிங்களம் அலுவலகச் சிங்களம்தான். ஆனாலும் பதில் தெளிவாக விளங்கியது. கப்பல்துறை என்றார்.

மச்சானின் கையைப் பிடித்து அப்பால் இழுத்தேன்.

"கேட்டீரே? எங்களுக்குச் சாம்பல்தீவு. அவைக்குக் கப்பல்துறை."

"அதுக்கு?"

"ஒண்டு வடக்க. மற்றது கண்டி வீதியில. ஆளுக்கு ஒரு கதை சொல்லுறான்."

"அத்தான், நீங்கள் பென்சன் எடுத்து எத்தின வருசம்? இன்னும் அந்தக் கதிரையை விட்டு எழும்பேல்லப் போல. கடலைப் பாருங்கோ, எவ்வளவு வடிவா இருக்கு."

நான் கடலைப் பார்க்கவில்லை. அதன் பிறகு அவரைத்தான் பார்த்தேன். உள்துறைமுகம் தெரியும் மேட்டில் எங்கள் எல்லோரையும் வரிசையாக நிறுத்தித் தன்னுடைய போனில் படம் எடுத்தார்.

"இந்தப் படம் ஆருக்கு?" என்று கேட்டேன்.

"விடுதி அம்மாவுக்கு ஐயா. ஆக்கள் சந்தோசமா நிக்கினம் எண்டு காட்டவேணுமே. ஐயா மட்டும்தான் சிரிக்கேல்ல. இன்னொண்டு எடுக்கட்டே?"

வேண்டாம் என்றேன். நாங்கள் திரும்பி நடக்கும்போது அவர் சற்று ஒதுங்கி நின்று யாருடனோ போனில் கதைத்தார். நான் செருப்பு வாரைச் சரிசெய்வதுபோல் குனிந்து நின்று காது கொடுத்தேன். "ஓம், ஓம், பன்னிரண்டுக்குள்ள வந்திடுவன்" என்பது மட்டும் கேட்டது. அது கூட எனக்குப் போதுமான சாட்சியாகத் தெரிந்தது.

கடைசியாக இறங்குதுறை. மூதூர்ப் பக்கம் போகும் ஆட்கள் குடையோடும் பெட்டிகளோடும் நின்றார்கள். தேத்தண்ணிக் கடை முஸ்லிம் பெரியவர் எங்களை ஒரு பார்வை பார்த்துவிட்டு வழிகாட்டியிடம் கேட்டார்.

"எந்தூர் மகன்?"

"மூதூர்ப் பக்கம் காக்கா." அண்ணன் முறை சொல்லியே பதில் தந்தார்.

"அப்ப நம்மட ஆள். உங்களுக்கு இஞ்சி தட்டிப் போடுறன். இந்தக் கண்ணாடி போட்ட ஐயாவுக்குச் சும்மா சுடுதண்ணி காணும், முகத்தப் பாத்தா அவருக்கு ஏற்கனவே உறைச்சுக் கிடக்கு."

எல்லோரும் சிரித்தார்கள், மொழி தெரியாத குருநாகல் ஐயா உட்பட. வழிகாட்டி மட்டும் சிரிப்பை அடக்கிக்கொண்டு என் கையில் முதல் கோப்பையைத் தந்தார். மூன்று ஊர், மூன்று இனத்தவருக்கு. ஆளைப் பார்த்து ஊரை மாற்றும் ஒருவன் என்று என் மனதுக்குள் தீர்ப்பு எழுதிவிட்டேன்.

விடுதிக்குத் திரும்பியதும் மச்சான் குளிக்கப் போனார். விடுதிக்கார அம்மா விறாந்தையில் எனக்குக் கதிரை போட்டு, எப்படி இருந்தது என்று கேட்டார். வழிகாட்டி முற்றத்தின் மறுபக்கம் வேன் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு நின்றார். எங்கள் பேச்சு அவருக்குக் கேட்காது. கேட்காது என்பதை உறுதிசெய்துகொண்டுதான் வாயைத் திறந்தேன்.

"நல்லாச் சொல்லுறார். ஆனால் தங்கச்சி, ஆள் ஆரெண்டு விசாரிச்சனீங்களே?"

"ஏன் ஐயா?"

"எங்களுக்குச் சாம்பல்தீவு எண்டார். சிங்கள ஆக்களுக்குக் கப்பல்துறை. முஸ்லிம் மனிசனுக்கு மூதூர். ஆமிக்காரரோட நல்ல சிரிப்புக் கதை. நான் ஒண்டும் சொல்லேல்ல. நீங்கள் யோசியுங்கோ."

நான் ஒண்டும் சொல்லேல்ல. இந்த வசனத்தைச் சொல்லித்தான் எத்தனையோ பேரைப் பற்றி எல்லாவற்றையும் சொல்லியிருக்கிறேன்.

அவரின் முகம் மாறியது. "இது பொம்பிளைப் பிள்ளையளும் தனிய வந்து தங்கிற இடம் ஐயா. சந்தேகம் எண்டு வந்தால் வைச்சிருக்க ஏலாது. சொன்னது நல்லதாப் போச்சு" என்றார். நன்றி வேறு சொன்னார்.

வீட்டுக்கு வந்து மனைவியிடம் நடந்ததைச் சொன்னேன். கொஞ்சம் பெருமையோடுதான் சொன்னேன். அவள் குசினியில் மீன் வெட்டிக்கொண்டிருந்தாள். கத்தி நின்றது.

"இஞ்சருங்கோ, போன மாதம் கலியாண வீட்டில யாழ்ப்பாணத்து ஆக்கள் உங்களை எவடம் எண்டு கேக்க என்ன சொன்னனீங்கள்?"

"வடமராட்சி எண்டு. அப்பான்ர ஊர் அதுதானே."

"மட்டக்களப்பு டொக்டர் கேக்க?"

அவருக்கு மட்டக்களப்பு என்று சொல்லியிருந்தேன். என் தாயின் ஊர் மட்டக்களப்புப் பக்கம்.

"இஞ்ச அரசாங்கக் கச்சேரியடியில ஆரும் கேட்டால் நாங்கள் இருக்கிற இந்த ஒழுங்கையைச் சொல்லுவியள். அப்ப உங்களையும் ஆரெண்டு விசாரிக்கத்தானே வேணும்?" சிரிக்காமல் கேட்டாள். "அந்தப் பிள்ளை முன்னால நிக்கிற ஆளுக்குக் கிட்டவா ஒரு ஊரைச் சொல்லியிருக்கு. இந்த ஊரில ஆர் அப்பிடிச் சொல்லேல்ல?"

அன்று மீன் குழம்பு இறங்கவில்லை. ஆனால் உடனே திருந்திவிட்டேன் என்று எழுதினால் அது பொய். மூன்றாம் நாள் நான் சாம்பல்தீவு பஸ் ஏறியது மன்னிப்புக் கேட்க அல்ல. அவர் அங்கே இருக்கிறாரா என்று பார்க்க. இல்லாவிட்டால் நான் சொன்னது சரி என்றாகிவிடும் அல்லவா?

இருந்தார். விடுதி வேனில் வழிகாட்டப் போனவர் என்று விசாரிக்க, மூன்றாவது ஆள் வீட்டைக் காட்டினார். வேலிக்குக் கம்பி இழுத்துக்கொண்டிருந்தவர் என்னைக் கண்டதும் மடித்துக் கட்டிய சாரத்தை இறக்கிவிட்டார்.

"வாங்கோ ஐயா, இருங்கோ."

கதிரை கொண்டுவந்து போட்டார். அவருடைய மனைவி தேத்தண்ணி கொண்டுவந்து வைத்தார். இது மனைவியின் ஊராம். அவர் பிறந்தது மூதூர்ப் பக்கம். பத்து வயதில் சண்டைக்குப் பயந்து ஓடி வந்து, பிறகு கப்பல்துறையில் கூடாரத்திலும் தகரக் கொட்டிலிலும் வளர்ந்திருக்கிறார். சிங்களம் அங்கே பக்கத்துச் சிங்களப் பிள்ளைகளோடு பந்தடித்துப் பழகியது. கோட்டை வாசல் சிப்பாயும் கப்பல்துறையைத் தெரிந்தவனாம். இதையெல்லாம் நான் கேட்டபோது மறைக்காமல், அவசரப்படாமல் சொன்னார்.

"மூண்டும் என்ர ஊர்தான் ஐயா. ஒண்டை மட்டும் சொன்னால் மற்ற ரெண்டும் பொய்யாப் போயிடும்."

என் மேசைக்கு முன்னால் நின்று இதைச் சொல்ல வாய்ப்புக் கிடைக்காமல் போனவர்கள் எத்தனை பேரோ. கோப்பையைக் கீழே வைத்தேன்.

"தம்பி, விடுதி அம்மாவிட்ட சொன்னது நான்தான்."

"தெரியும் ஐயா." கம்பியைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "அண்டைக்கு என்னை நம்பாமல் கேள்வி கேட்டது நீங்கள் ஒராள்தான். அம்மா போன் எடுத்து, இனி வரவேண்டாம் எண்டா. ஏன் எண்டு சொல்லேல்ல."

திட்டியிருந்தால் எழுந்து வந்திருப்பேன். அவருடைய மனைவி என் பாதிக் கோப்பையை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். திரும்பி வெளியே வரவில்லை.

அன்றே உப்புவெளியில் இறங்கி விடுதிக்குப் போனேன். நான் சொன்னது பிழை என்றேன். அந்த அம்மா மரியாதையாகத்தான் கேட்டார். சீசனுக்கு வேறு ஒருவரைப் பிடித்துவிட்டதாகச் சொன்னார். "அண்டைக்கு ஒண்டு சொன்னியள், இண்டைக்கு ஒண்டு சொல்லுறியள் ஐயா" என்றார். நான் ஒருவரைப் பற்றிச் சொன்ன அதே குற்றம்.

பிறகு இரண்டு வாரம் ஒவ்வொரு விடுதியாக ஏறி இறங்கினேன். ஆளை நன்றாகத் தெரியும், நல்ல வழிகாட்டி என்று சொன்னேன். ஆள் எவடம் என்ற ஒரே கேள்வியைத்தான் எல்லோரும் கேட்டார்கள். மூன்று ஊரையும் சொன்னேன். சொல்லும்போதே அவர்கள் கண்ணில் ஒரு சுருக்கம் விழுவதைப் பார்த்தேன். ஒரே ஒருவர் மட்டும், நிலாவெளி வீதியில் புதிதாக விடுதி திறந்தவர், கொஞ்சம் இறங்கி வந்தார்.

"ஐயா படிச்ச ஆள். பொறுப்பெடுக்கிறியள் எண்டால் ஒருக்காப் பாப்பம். ஆனால் முதல் மாதம் நீங்களும் வேனில கூடப் போகவேணும். ஏதும் பிழையெண்டால் எனக்குச் சொல்லவேணும்."

சந்தோசத்தில் வீதியிலேயே நின்று வழிகாட்டிக்குப் போன் எடுத்தேன். நிபந்தனையையும் சொன்னேன். பின்வரிசையில் பேசாமல் இருப்பேன் என்றேன். மறுபக்கம் கடல் இரைச்சல் கேட்டது. அவர் கரைவலை இழுக்கப் போய்வருவதாக ஏற்கனவே அறிந்திருந்தேன்.

"வேண்டாம் ஐயா," என்றார் கடைசியில். "நீங்கள் நல்லதுக்குத்தான் செய்யிறியள், விளங்குது. ஆனால் நீங்கள் எனக்குப் பின்னால இருந்தால் எனக்கு வாயில ஒண்டும் வராது."

"அப்ப நான் அவரோட கதைச்சு, நான் இல்லாமல்..."

"நீங்கள் இல்லாமல் அவர் என்னை வேலைக்கு எடுக்க மாட்டார் ஐயா. வலை இழுக்கக் கூப்பிடினம். வைக்கட்டே?"

வைக்கச் சொன்னேன்.