டிராக்காரர் வீட்டு சோபா

காப்பீட்டு அலுவலகத்துச் சதுரங்க அணியில் நான்காம் பலகையில் ஆடுகிறவருக்குச் சமாதானம் என்று பட்டப்பெயர். சும்மா வந்த பெயர் இல்லை ஐயா, பாடுபட்டுச் சம்பாதித்தது. எதிரே உட்காருகிறவர் நேற்றுக் கற்றுக்கொண்டவராக இருந்தாலும் சரி, பழம் தின்று கொட்டை போட்டவராக இருந்தாலும் சரி, ஆட்டம் கொஞ்சம் சூடு பிடித்ததும் தொண்டையைச் செருமிக்கொண்டு, "டிரா?" என்பார். அதைக் கேட்கிற விதத்தில், மறுத்தால் நாம்தான் கல்நெஞ்சக்காரர் என்று தோன்றிவிடும். ஜெயிக்கிற ஆட்டத்திலும் கேட்பார். அடுத்த நகர்த்தலில் ராஜாவை மடக்கிவிடலாம் என்ற நிலையில்கூட ஒருமுறை கேட்டுத் தொலைத்தார். எதிராளி அவர் மனசு மாறுவதற்குள் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டு ஓடிப்போனார்.

ஆளுக்குச் சரக்கு இல்லாமல் இல்லை. ஆட்டம் ஆடத்தான் அலுவலகமே அவருக்கு வேலை கொடுத்தது. பயம்தான் வியாதி. தோற்றுவிட்டால் என்ன ஆகும் என்று யாராவது கேட்டால் பதில் சொல்லத் தெரியாது, ஆனால் உள்ளங்கை வேர்த்துவிடும்.

வீட்டிலும் அதே கதை. கூடத்துச் சுவருக்கு மனைவி பச்சை என்றாள், இவர் வெள்ளை என்றார், பேச்சு முற்றுவதற்குள் "டிரா?" என்றார். சுவர் இன்றைக்கும் பாதி பச்சை, பாதி வெள்ளை. சோபாவை ஜன்னலோரம் போடலாம் என்று அவள் சொல்ல, எதிர்ச்சுவரோரம் என்று இவர் சொல்ல, அது கூடத்தின் நட்டநடுவில் நின்றுவிட்டது. வருகிறவர், போகிறவர் எல்லாருக்கும் முழங்காலில் ஓர் அடி நிச்சயம்.

"கல்யாணமான நாள்லேருந்து உங்களோட ஒரு சண்டையை முழுசாப் போட்டிருக்கேனா நான்?" என்பாள் அவள். "பாதியிலேயே வெள்ளைக்கொடி காட்டிட்டா நான் யாரோட சண்டை போடறது? சுவத்தோடயா? அதுவும் பாதிதான் என் பக்கம்!"

இப்படி ஓடிக்கொண்டிருந்த வண்டிக்கு மேலாளர் ஒருநாள் கட்டையைப் போட்டார். லீக்கின் கடைசிப் போட்டி, துறைமுக அணியோடு. அதில் ஜெயிக்காவிட்டால் அணி கீழ்ப் பிரிவுக்கு இறங்கிவிடும்.

"சனிக்கிழமை நீங்க டிரா பண்ணீங்கன்னா," என்றார் மேலாளர், மூக்குக் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே, "திங்கக்கிழமையிலேருந்து ஆட்டமும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம். கீழ்த்தளத்துல பழைய ஃபைல் ரூம் இருக்கு. அங்க போய் எலிங்களோட சமாதானம் பேசுங்க."

சதுரங்கத்தை விட்டால் உலகத்தில் சமாதானத்துக்கு வேறு எதுவும் தெரியாது. டிரா செய்துகொண்டே இருந்தாலும், அந்தப் பலகைமுன் உட்கார்ந்தால்தான் அவருக்கு மூச்சு வரும். வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னார்.

அவள் பல் ஆஸ்பத்திரியில் டோக்கன் கொடுக்கிறவள். கைப்பையிலிருந்து இரண்டு டாஃபிகளை எடுத்து அவர் சட்டைப்பையில் போட்டாள்.

"ஆட்டம் சூடு பிடிச்சதும் ரெண்டையும் வாயில போட்டுக்கோங்க. எங்க டாக்டர் மாடி எடுத்துக் கட்டினதே இந்த டாஃபியாலதான். கடிச்சா வாய் திறக்காது. வாய் திறந்தாத்தானே டிரா கேப்பீங்க?"

சனிக்கிழமை மற்ற மூன்று பலகைகளிலும் கணக்குச் சமமாகி, எல்லாம் இவர் தலையில் வந்து விடிந்தது. எதிரே துறைமுகத்துக் கிரேன் ஓட்டுநர். ஆள் கிரேன் மாதிரியே இருந்தார். ஆட்டம் சிக்கலானது. சமாதானத்துக்குத் தொண்டையில் அந்தச் சொல் வந்து நின்றது. சட்டென்று இரண்டு டாஃபியையும் வாயில் போட்டு ஒரு கடி கடித்தார். அவ்வளவுதான், மேல்வரிசையும் கீழ்வரிசையும் ஒட்டிக்கொண்டன.

அப்போதுதானா அந்த மனுஷனுக்கு நல்ல புத்தி வரவேண்டும்? கிரேன்காரர் ஒரு சிப்பாயை நகர்த்திவிட்டு, நெற்றியைத் துடைத்துக்கொண்டு, "சார், டிரா வெச்சுக்கலாமா?" என்றார்.

காதில் தேன் பாய்ந்தது! எலியாவது, ஃபைலாவது, எல்லாம் மறந்துபோயிற்று. ஒப்புக்கொள்ள வாயைத் திறந்தால் திறக்கவில்லை. கையை நீட்டலாமென்றால், போன வருஷம் ஒருவர் பேசாமல் கையை நீட்டப்போய், தோல்வியை ஒப்புக்கொண்டார் என்று எழுதிவிட்ட சம்பவம் ஞாபகம் வந்தது. தாடையை இப்படி அசைத்தார், அப்படி அசைத்தார். கண்ணில் தண்ணீர் வந்தது. பதற்றத்தில், ஓடுகிற பஸ்ஸில் கம்பியைப் பிடிப்பதுபோல எதையோ கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். பிடித்தது தன் குதிரையின் கழுத்து.

பக்கத்தில் நின்ற நடுவர் குனிந்தார். "காயைத் தொட்டா ஆடியே ஆகணும் சார். டிரா பேச்சும் அதோட முடிஞ்சுது."

குதிரைக்குப் போக ஒரே ஒரு கட்டம்தான் இருந்தது. அதுவும் எதிராளியின் ராஜா வாசலில், சும்மா தின்றுவிட்டுப் போகிற இடம். வைத்தார். வைத்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டார்.

கிரேன்காரர் குதிரையைப் பார்த்தார், இவரைப் பார்த்தார். ஆயுசில் டிராவை மறுக்காத ஆள் மறுத்திருக்கிறார். பேசாமல், தாடை இறுகி, கண் கலங்கி, ஒரு குதிரையைப் பலி கொடுத்திருக்கிறார். ஏதோ பயங்கரமான கணக்கு இதில் இருக்கிறது! எடுக்கலாமா வேண்டாமா என்று யோசித்து யோசித்துக் கடிகாரத்தைக் கரைத்தார். கடைசியில் குதிரையைத் தொடாமல் ராஜாவை ஓரமாக நகர்த்தினார். அந்த ஓரத்தில்தான் வழி இல்லை. இவர் ராணியைக் கொண்டுபோய் வைத்ததும் ஆட்டம் முடிந்தது.

"இவ்வளவு ஆழமா யோசிக்கிற ஆளை நான் பாத்ததே இல்ல," என்று கைகுலுக்கினார் கிரேன்காரர். சமாதானம் வாயைத் திறக்காமல் தலையாட்டினார். மேலாளர் கட்டிப்பிடித்ததற்கும் தலையாட்டல்தான். ஊரெல்லாம் அதை அடக்கம் என்று மெச்சிக்கொண்டது.

வீடு வந்து சேர்வதற்குள் டாஃபி கரைந்திருந்தது. கூடவே கடைவாய்ப் பல்லுக்கு மாட்டியிருந்த தொப்பியும் கழன்று கைக்குட்டையில் இருந்தது. கூடத்தில் நுழைந்தவர் வழக்கம்போல சோபாவில் முழங்காலை இடித்துக்கொண்டார்.

"ஜெயிச்சுட்டேன்," என்றார் வலியோடு.

"கடவுளே!" என்று அவள் கையைத் தட்டினாள். கைக்குட்டையைப் பிரித்துப் பார்த்தாள். "திங்கக்கிழமை ஃபைல் ரூம் இல்ல, எங்க ஆஸ்பத்திரிதான். முதல் டோக்கன் உங்களுக்கு."

அவர் முழங்காலைத் தேய்த்துக்கொண்டே சோபாவை முறைத்தார். "இந்தச் சனியன் அந்தச் சுவத்தோரம்தான் போகணும்."

"ஜன்னலோரம்."

"டி..." என்று ஆரம்பித்தவர் வாயை மூடிக்கொண்டார். அவள் புருவத்தைத் தூக்கினாள். "சுவத்தோரம்தான்," என்றார் அவர். "ஜன்னலோரம் போட்டா வெயில் பட்டுத் துணி வெளுத்துப்போகும்."

அவள் முகம் மலர்ந்ததைப் பார்க்க வேண்டுமே! புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டாள். "திரைச்சீலை எதுக்குத் தொங்குது, அழகுக்கா?"

"காத்துல அது நிக்குதா? படபடன்னு அடிச்சுக்குது."

"சரி, சுவத்தோரமே போடுங்க. அப்புறம் அந்தச் சுவத்துல இருக்கிற அலமாரிக் கதவை எப்படித் திறப்பீங்க? உங்க சட்டை எல்லாம் உள்ளதான் இருக்கு."

அவர் அலமாரியைப் பார்த்தார், சோபாவைப் பார்த்தார், மறுபடி அலமாரியைப் பார்த்தார். போக்கிடமே இல்லை. இத்தனை வருஷமாக அவள் இந்தக் காரணம் வரைக்கும் வர அவர் விட்டதே இல்லை. உள்ளங்கை வேர்த்தது. சோபாவுக்கு மேலாகக் கையை நீட்டி, "தோத்துட்டேன்," என்றார்.

அவள் அந்தக் கையைப் பிடித்தாள். விடவில்லை. சந்தோஷத்தில் அவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

"தோக்கறதுன்னா இவ்வளவுதானா?" என்று கேட்டார் அவர்.

"இவ்வளவுதாங்க," என்றாள். "அந்தப் பக்கம் பிடிச்சுத் தூக்குங்க. முதுகு பத்திரம்."