பேட்டுலினும் பாதிப் பழமும்

என் அண்ணிக்கு எதையும் தூக்கிப் போட மனசு வராது. பற்பசைக் குழாய் தீர்ந்தால் கத்தரிக்கோலால் பிளந்து, உள்ளே ஒட்டியிருப்பதை வைத்து இன்னும் சில நாள் ஓட்டுவாள். அண்ணனுடைய சட்டை கிழிந்தால் முதலில் தலையணை உறையாகும், பிறகு கரித்துணியாகும், கடைசியில் ஜன்னல் இடுக்கில் காற்று வராமல் அடைக்கப் போகும்.

"எங்க அண்ணனுக்கு வயசானா அவரையும் இப்படித்தான் எதுக்காவது ஆக்கிடுவீங்களா அண்ணி?" என்று ஒருமுறை கேட்டேன்.

"உங்க அண்ணன் இப்பவே கரித்துணிதான்" என்றாள். அண்ணன் பக்கத்திலேயே உட்கார்ந்து செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். பேருந்து ஓட்டுகிறவர், காதில் விழாத மாதிரி இருப்பதில் தேர்ந்தவர்.

அண்ணியும் நானும் ஒரே இடத்தில்தான் வேலை பார்க்கிறோம். ஆப்பிள் சாறு பிழியும் தொழிற்சாலை. லாரியில் வந்து இறங்கும் பழங்கள் தண்ணீர்க் கால்வாயில் மிதந்து வந்து பெல்ட்டில் ஏறும். பெல்ட்டின் இரண்டு பக்கமும் பெண்கள் நின்று அழுகலைப் பொறுக்குவார்கள். மீதி, அரவைக்குப் போகும். அந்தப் பெண்களுக்குத் தலைவி என் அண்ணி. நான் மாடியில், சோதனைக்கூடத்தில். அங்கே இருக்கும் கண்ணாடிச் சன்னல் வழியாகப் பார்த்தால் பெல்ட் முழுக்கத் தெரியும். நாத்தனார் மேலே உட்கார்ந்து வேவு பார்க்கிறாள் என்று அவர்கள் சிரிப்பார்கள். பார்க்கத்தான் செய்தேன்.

அண்ணி தலைவியானதே ஒரு கத்தியால்தான். அவள் சேர்ந்த புதிதில், ஒரு சின்ன அழுகல் இருந்தாலும் பழத்தை முழுசாகக் குப்பைத் தொட்டியில் போடுவார்கள். அண்ணிக்கு வயிறு எரிந்தது. வீட்டிலிருந்து சின்னக் கத்தி ஒன்றைக் கொண்டு வந்து, கெட்டதை மட்டும் சுரண்டி எடுத்துவிட்டு மீதியைப் பெல்ட்டில் திருப்பிப் போட ஆரம்பித்தாள். முதலில் திட்டு விழுந்தது. பிறகு, தொட்டி நிரம்பாமல் கிடப்பதை மேனேஜர் பார்த்தார். அடுத்த வாரமே எல்லாப் பெண்களுக்கும் கத்தி வந்தது, அண்ணிக்குத் தலைவி பதவி வந்தது. "கத்தி அக்கா" என்ற பெயரும் ஒட்டிக்கொண்டது.

அதோடு ஒரு வழக்கமும் வந்தது. பெல்ட்டில் போட முடியாத அளவுக்குச் சின்னதாகிவிட்ட துண்டுகளை வேலை முடிந்ததும் பெண்கள் பையில் போட்டு வீட்டுக்கு எடுத்துப் போவார்கள். எங்கள் வீட்டிலும் பழம் என்றால் இந்தப் பாதிப் பழம்தான். நல்ல பகுதியெல்லாம் தட்டில் வைத்து எங்களுக்கு வரும். கத்தி பட்ட ஓரத்துச் சீவலை அண்ணி நின்றபடியே வாயில் போட்டுக்கொள்வாள். யாரும் அதைக் கவனித்ததில்லை, நானும்தான்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோது, நாங்கள் அனுப்பிய ஒரு டேங்க் சாறு திரும்பி வந்தது.

வாங்கியவர்கள் எங்களுக்குப் புதியவர்கள், குழந்தைகளுக்கான பானம் செய்கிறவர்கள். அவர்கள் அனுப்பிய அறிக்கையில் ஒரே ஒரு வார்த்தைக்குக் கீழே சிவப்புக் கோடு. பேட்டுலின். அளவுக்கு மேல் இருக்கிறதாம். எங்கள் சோதனைக்கூடத்தில் இனிப்பும் புளிப்பும் பார்ப்போமே தவிர பேட்டுலின் பார்த்ததில்லை. அதைப் பார்க்கும் கருவியை வாங்கிவைத்து, உறைகூடப் பிரிக்காமல் மூலையில் போட்டு, அதன் மேல் தேநீர் ஃபிளாஸ்க் வைத்திருந்தோம்.

மேனேஜர் என்னையும் அண்ணியையும் கூப்பிட்டார். கத்தும் ஆள் இல்லை. மெதுவாகப் பேசினார், அதுதான் பயமாக இருந்தது.

"அடுத்த டேங்கும் இப்படியே வந்தா பெல்ட்டை மூடிட வேண்டியதுதான். சாறை வெளியில வாங்கி இங்க பாட்டில்ல அடைச்சுக்கலாம்னு முதலாளி சொல்லிட்டாரு. நான் ஒண்ணும் பண்ண முடியாது."

பெல்ட்டை மூடினால் அதில் நிற்கும் அத்தனை பெண்களும் வீட்டுக்குப் போக வேண்டியதுதான்.

அன்று சாயங்காலம் சமையலறையில் வைத்துக் கேட்டாள். "அது என்னடி, பேட்டுலினு?"

நான் சொன்னேன். பழத்தில் நீலமாகப் பூக்கிறதே பூசணம், அது சுரக்கும் சரக்கு. பூசணத்திலிருந்து உயிர் காக்கும் மருந்து எடுத்துப் பேர் வாங்கிய காலத்தில், இதையும் கண்டுபிடித்தார்கள். கிருமிகளைக் கொன்றது. உலகத்துக்கே நல்ல காலம் என்று நினைத்து, சளி பிடித்தவர்கள் மூக்கில்கூட ஊற்றிப் பார்த்தார்கள். பெரிதாகச் சோதித்தபோது சளிக்கு ஒன்றும் கேட்கவில்லை. எலிக்குக் கொடுத்துப் பார்த்தால் எலி செத்தது. கிருமியைக் கொல்லும் மருந்து, அதோடு நிற்கத் தெரியாத மருந்து. மருத்துவர்கள் கையைக் கழுவிவிட்டார்கள். இன்றைக்கு அந்தப் பெயருக்கு உலகத்தில் ஒரே வேலைதான்: சாறு கெட்ட பழத்திலிருந்து வந்ததா என்று காட்டிக் கொடுப்பது.

"இன்னொரு கூத்து தெரியுமா அண்ணி? தனித்தனியா நாலஞ்சு பேரு இதைக் கண்டுபிடிச்சாங்க. ஆளாளுக்கு ஒரு பேரு வெச்சாங்க. அப்புறம்தான் எல்லாம் ஒண்ணுன்னு தெரிஞ்சுது."

"நல்ல பேரு வாங்கும்னு பெத்து, நாலு பேரு வெச்சு, கடைசியில கெட்ட பேரு வாங்கிடுச்சா" என்றாள். சிரிக்கவில்லை. "நாங்கதான் கெட்டதைச் சுரண்டி எடுத்துடறோமே. அப்புறம் எப்படி வரும்?"

"பூசணம் நிக்கிற இடத்தோட அது நிக்காது. சுத்தி இருக்கிற நல்ல சதைக்குள்ளயும் இறங்கும். சூடு பண்ணினாலும் முழுசாப் போகாது."

"பாத்தா நல்லா இருக்கு, மோந்தா நல்லா இருக்கு, தின்னா இனிக்குது. உன் விஷம் எங்க இருக்கு, கொண்டா பாப்போம்."

வாய்ச் சண்டையில் அண்ணியை ஜெயிக்க முடியாது. மறுநாள் ஃபிளாஸ்க்கை இறக்கி வைத்து, கருவியின் உறையைப் பிரித்து, அதன் கையேட்டோடு நாள் முழுக்க மல்லுக்கட்டினேன். அதற்கடுத்த நாள் அண்ணியை மேலே கூப்பிட்டேன். அவளையே ஒரு பழத்தைச் சுரண்டச் சொன்னேன். என்னைத் தோற்கடிக்க வேண்டுமே, வழக்கத்தைவிட ஆழமாகச் சுரண்டினாள். சுரண்டிய பள்ளத்தை ஒட்டிய நல்ல சதையில் கொஞ்சம் எடுத்துப் பிழிந்து, வடிகட்டி, கருவிக்குள் விட்டேன். திரையில் கோடு தரையோடு தரையாக வந்தது. அண்ணி என்னைப் பார்த்து ஒரு புருவத்தைத் தூக்கினாள். அதற்குள் கோடு குபுக்கென்று மேலே ஏறியது. ஏறிக்கொண்டே போனது.

"இது அதுவா?"

"அதுதான்."

"எவ்வளவு இருந்தா கூடாது?"

"ஒரு சிட்டிகை உப்பை ஆயிரக்கணக்கான பங்கு வெச்சு, அதுல ஒரு பங்கை ஒரு லிட்டர்ல கலக்கினா எவ்வளவோ, அவ்வளவுதான் இருக்கலாம். குழந்தைங்க குடிக்கிறதுன்னா அதையும்விடக் கம்மி."

அண்ணி முக்காலியில் உட்கார்ந்துவிட்டாள். நான் பெல்ட்டைப் பற்றித்தான் கேட்பாள் என்று நினைத்தேன்.

"அப்ப நான் இத்தனை வருஷமா என் பொண்ணுக்கு விஷமா குடுத்தேன்?"

அவள் பெண் பள்ளிக்கூடத்தில் ஓட்டப்பந்தயத்தில் முதலாவதாக வருகிறவள், ஒரு தும்மல் கிடையாது. அதைச் சொன்னேன். "அளவுங்கிறது காலம் முழுக்கத் தினமும் குடிக்கிறவங்களை நினைச்சு, ரொம்பப் பயந்து பயந்து வெச்சது. எப்பவாவது தின்ன துண்டுக்கு ஒண்ணும் ஆகாது. அதுவும் நடுச் சதையில ரொம்பக் கொஞ்சம்தான் இருக்கும். நீங்க எங்களுக்கு அதைத்தானே குடுத்தீங்க. ஓரத்துலதான் ஜாஸ்தி."

சொல்லிக்கொண்டே வரும்போதுதான் எனக்கே உறைத்தது. ஓரத்துச் சீவல் யார் வாய்க்குப் போனது?

"ஜாஸ்தி தின்னது நீங்கதான் அண்ணி."

"அப்ப சரி" என்றாள். போன உயிர் திரும்பிய மாதிரி ஒரு பெருமூச்சு விட்டாள்.

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. என்ன அப்ப சரி? ஒரு மனுஷி தனக்குத்தான் விஷம் வந்தது என்று தெரிந்ததும் நிம்மதிப்படுவாளா? வாயைத் திறந்தால் அழுதுவிடுவேன் என்று கருவியைக் கழுவ ஆரம்பித்தேன்.

அண்ணி கீழே போனாள். பெல்ட்டை நிறுத்தச் சொன்னாள். மேலிருந்து கண்ணாடி வழியாகப் பார்த்த எனக்கு அவள் கையை ஆட்டிப் பேசுவதுதான் தெரிந்தது, பேச்சு கேட்கவில்லை. இறங்கி ஓடினேன்.

"கத்தி என்னோட யோசனை. அது தப்பு. நல்லது பண்றோம்னுதான் பண்ணினேன், ஆனாலும் தப்பு. இனிமே அழுகல் இருந்தா முழுசா தொட்டிக்கு. வீட்டுக்கும் துண்டு எடுத்துட்டுப் போக வேண்டாம்."

கடைசியாகச் சொன்னதுதான் பற்றிக்கொண்டது. பெல்ட்டின் அந்தக் கோடியில் நிற்பவள் எப்போதும் கலகலவென்று இருப்பதால் அவளைச் சலங்கை என்போம். அவளே முகத்தைத் தூக்கிக்கொண்டாள்.

"உனக்கென்னக்கா, வீட்டுல மூணு பேரு சம்பாதிக்கிறீங்க. என் புள்ளைங்க பழம்னு கண்ணால பாக்கறதே இந்தப் பையிலதான். அதையும் பிடுங்கணுமா?"

அண்ணி தன் இடுப்பிலிருந்த கத்தியை எடுத்துக் காலிப் பெட்டியில் போட்டுவிட்டு, நேரே மேனேஜர் அறைக்குப் போனாள். பின்னாலேயே நானும் போனேன். வேடிக்கையை விட முடியுமா?

"சார், துண்டை நிறுத்திட்டேன். அதுக்குப் பதிலா வாராவாரம் ஆளுக்கு ஒரு பை நல்ல பழம் வேணும். முழுப் பழம்."

"இந்த நிலைமையில இதை எப்படிம்மா கேக்கறீங்க?"

"இப்பக் குடுக்க வேண்டாம் சார். டேங்க் பாஸானா குடுங்க. பாஸாகலைன்னா எங்களுக்கு வேலையே இல்லை, பை எதுக்கு?"

மேனேஜர் மேசை மேலிருந்த அறிக்கையை மடித்து வைத்தார். "பாஸாகட்டும்" என்றார். கொடுக்கிறேன் என்று சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. அண்ணி அதையே வாக்குறுதியாக எடுத்துக்கொண்டு வந்து பெண்களிடம் சொல்லிவிட்டாள். சலங்கை முதல் ஆளாகக் கத்தியைப் பெட்டியில் போட்டாள். முனகிக்கொண்டேதான் போட்டாள்.

தூக்கிப் போடுவது அண்ணிக்குச் சுலபமாக வரவில்லை. பழத்தைக் கையில் எடுப்பாள், திருப்புவாள், கட்டைவிரல் தானாகச் சுரண்டப் போகும். கண்ணை மூடிக்கொண்டு தொட்டியில் போடுவாள். சனி விட்டது என்று அவள் போட்டதாகத் தெரியவில்லை, பெற்ற பிள்ளையை விடுதியில் விட்டுவிட்டு வருகிற முகம்தான். தொட்டிகள் நிரம்பி வழிந்தன. லாரிக்காரர்களிடம் சண்டை பிடித்து, அடிபட்ட பழம் வந்தால் இறக்கவே விடாமல் திருப்பினாள்.

இதற்கு நடுவில் அந்த வார்த்தை பெல்ட் முழுக்கப் பரவிவிட்டது. விஞ்ஞானிகள் அதற்கு வைத்த பெயர்கள் நாலைந்துதான். எங்கள் பெண்கள் கொடுத்த அர்த்தங்களுக்கு அளவில்லை. தேனொழுகப் பேசிவிட்டுப் பின்னால் கோள் சொல்கிறவர் பேட்டுலின். சலங்கையின் மாமியார் பேட்டுலின். பார்க்கப் பளபளவென்று இருந்து, துவைத்ததும் சாயம் போன புடவை பேட்டுலின். "வெளிய ஒண்ணும் தெரியல, ஆனா உள்ளுக்குள்ள பேட்டுலின் மாதிரி ஒரு தலைவலி" என்று ஒருத்தி விடுப்புக்கூடக் கேட்டாள். அண்ணியே ஒருநாள் அண்ணன் மௌனமாகச் சாப்பிடுவதைப் பார்த்து, "உங்க அண்ணன் கோபம் பேட்டுலின்டி, வெளிய தெரியாது" என்றாள்.

டேங்க் நிரம்பிய அன்று நான் மாதிரி எடுத்து வந்தேன். அண்ணி சோதனைக்கூடத்துக்குள் வர மாட்டேன் என்று படிக்கட்டிலேயே உட்கார்ந்துகொண்டாள். கீழே பெல்ட் நின்றிருந்தது. எல்லோரும் கழுத்தை நிமிர்த்தி என் சன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கோடு தரையோடு வந்தது. எழும்ப வேண்டிய இடம் நெருங்கியபோது திரையை ஒட்டிக் குனிந்தேன். லேசாக ஒரு மேடு, கம்பளத்துக்கு அடியில் ஒரு கடுகு கிடந்தால் தெரிகிற அளவு. அப்புறம் மறுபடி தரை. நம்பாமல் இன்னொரு தடவை விட்டேன். அதே கடுகு.

கதவைத் திறந்து, "பாஸ் அண்ணி" என்றேன். அவள் எழுந்திருக்கவில்லை. முந்தானையால் முகத்தைப் பொத்திக்கொண்டாள். சன்னல் வழியாக நான் தலையாட்டியதைப் பார்த்துக் கீழே கிளம்பிய சத்தத்தில் மேனேஜரே வெளியே வந்துவிட்டார். வாங்குகிறவர்கள் சோதித்தும் அதே முடிவு வந்தது. பெல்ட் தப்பியது.

சனிக்கிழமை ஆளுக்கு ஒரு பை நின்றது. சொல்லாமல் சொன்ன வாக்கை மனுஷர் காப்பாற்றிவிட்டார். சலங்கை தன் பையைத் திறந்து ஒவ்வொன்றாகத் திருப்பிப் பார்த்து, "ஒண்ணுலகூட பேட்டுலின் இல்லக்கா" என்றாள். அவள் சிரிப்பு வாசல்வரை கேட்டது.

வீட்டில் அண்ணி பையைக் கவிழ்த்தாள். அண்ணனுக்கு ஒன்று, மகளுக்கு ஒன்று, எனக்கு ஒன்று. பிறகு சமையல் மேடைப் பக்கம் திரும்பிக்கொண்டு பாத்திரத்தை எடுக்கப் போனாள். நான் அவள் கையைப் பிடித்து இழுத்து நாற்காலியில் உட்கார வைத்து, ஒரு பழத்தை அவள் முன்னால் வைத்தேன்.

"சாப்பிடுங்க."

கை பழக்கத்தில் கத்தியைத் தேடியது. பழத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"அம்மா, அதுல வெட்டறதுக்கு ஒண்ணும் இல்லம்மா" என்றாள் மகள்.

அண்ணி கத்தியைத் தள்ளி வைத்துவிட்டுக் கடித்தாள். கண்ணில் தண்ணீர் நின்றது. புளிக்கிறதா என்று கேட்டேன். இல்லை என்று தலையாட்டினாள். பேசாமல், அவசரப்படாமல், யாருக்கும் பங்கு வைக்காமல் முழுப் பழத்தையும் தின்றாள். எனக்குத் தெரிந்து அதுதான் முதல் தடவை.

கடைசியில் விதையும் காம்பும் கையில் மிஞ்சின. அதை என்ன செய்யலாம் என்று கொஞ்ச நேரம் யோசித்தாள், அண்ணிதானே. பிறகு எழுந்து போய்க் குப்பைக் கூடையில் போட்டாள்.