காலுக்குக் கால் சுற்று

முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடுகிறேன்: என் கால் எலும்பு வளர்கிற வேகம் போதாது என்று அதை ஸ்பேனர் போட்டு முடுக்கியவன் நான். சிரிப்பு வந்தால் கொஞ்சம் மிச்சம் வைத்துக்கொள்ளுங்கள். அந்தக் கால் உடைந்த கதை இதைவிட மோசம்.

திருக்கழுக்குன்றத்தில் எனக்கு டூவீலர் ஒர்க்‌ஷாப். ஒரு ஞாயிற்றுக்கிழமை நானும் என் மனைவியின் தம்பியும் மாமல்லபுரத்தில் மீன் வாங்கிக்கொண்டு ஆளுக்கொரு வண்டியில் திரும்பிக்கொண்டிருந்தோம். பாதி வழியில் அவன் வண்டியில் பெட்ரோல் தீர்ந்தது. இதற்கு நம் பக்கத்தில் ஒரு வைத்தியம் உண்டு. பின்னால் வருகிறவன் தன் வண்டியை ஓட்டியபடியே காலை நீட்டி, முன்வண்டியின் ஃபுட்ரெஸ்ட்டில் ஊன்றித் தள்ளிக்கொண்டே போவான். கடைக்கு வருகிறவர்களிடம் அப்படிச் செய்யாதீர்கள் என்று புத்தி சொல்கிறவன் நான். அன்றைக்கு மீன் கெட்டுவிடுமே என்ற அவசரம்.

"மச்சான், இன்னிக்கு உன் வண்டிக்கு நான்தான் இன்ஜினு. மைலேஜு எப்டி கீது?" என்றேன்.

அவன் சிரித்துக்கொண்டே திரும்பிப் பார்த்தான். குறுக்கே மாடு வந்தது. அவன் பிரேக் பிடித்தான். நான் பிடிக்கவில்லை. இரண்டு வண்டிக்கும் நடுவே இருந்தது என் இடது கால்.

ரோடெல்லாம் சங்கரா மீன். தோலைக் கிழித்துக்கொண்டு வெள்ளையாக எதுவோ நீட்டிக்கொண்டிருந்தது. இவ்வளவு பெரிய முள் எந்த மீனுடையது என்று ஒரு கணம் நிஜமாகவே யோசித்தேன்.

செங்கல்பட்டில் ஓர் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். புண்ணைக் கழுவி, ஆறப்போட்டு, திரும்பத் திறந்து பார்த்ததில், நொறுங்கிய எலும்பில் ஒரு பகுதி உயிரில்லாமல் கிடந்தது. எடுத்துவிட்டார்கள். எலும்பு டாக்டரம்மா அதிகம் பேசாதவர். என் மனைவியையும் என்னையும் உட்காரவைத்து எக்ஸ்ரேயைக் காட்டினார்.

"இங்க ஒரு விரல் நீளத்துக்கு எலும்பே இல்ல. இது நிரம்பினா கால் இருக்கும். நிரம்பலைன்னா முழங்காலுக்குக் கீழ எடுக்கிற மாதிரி வரும்."

"எப்படிம்மா நிரம்பும்?" என்றாள் மனைவி.

"மேல நல்லா இருக்கிற எலும்பை ஒரு இடத்துல உடைக்கணும்."

"உடைக்கத்தானே? அதுக்கு இவ தம்பியே போதும் டாக்டர்" என்றேன். யாரும் சிரிக்கவில்லை.

உடைந்த எலும்புக்கு ஒரு குணம் உண்டாம். உடைந்த இடத்தில் புதிதாய்ப் பூசிக்கொண்டு எப்படியாவது ஒட்டிவிடப் பார்க்கும். ஒட்டவிடாமல் மெல்ல விலக்கிக்கொண்டே போனால், சலிக்காமல் பின்னாலேயே வளர்ந்துகொண்டு வரும். ஆகவே முழங்காலுக்குக் கீழே எலும்பை வெட்டி, வெட்டிய துண்டை நாளுக்கு ஒரு மில்லிமீட்டர் கீழே நகர்த்துவார்கள். அது பள்ளத்தை நோக்கிப் போகப் போக, விட்டுவந்த இடத்தில் புது எலும்பு பிறக்கும். நான் இத்தனை வருஷமாகப் பழைய பார்ட்ஸைக் கழற்றிப் புதுசு மாட்டுகிறேன். பழசையே இழுத்துப் புதுசு வரவழைத்ததில்லை.

முதுகில் ஊசி போட்டதால் ஆபரேஷன் முழுக்க விழித்திருந்தேன். திரைக்கு அந்தப் பக்கம் டிரில் ஓடியது. என் கடைச் சத்தம்தான். ஓடுவது மட்டும் என் எலும்பில். காலைச் சுற்றி இரும்பு வளையங்கள் வைத்து, எலும்பின் ஊடாக மெல்லிய கம்பிகளைக் குறுக்கும் நெடுக்குமாகச் செலுத்தி, வளையத்தில் கட்டி முறுக்கேற்றினார்கள். ஒவ்வொரு கம்பியும் இறுகும்போது 'டிங்' என்றது. அந்தச் சத்தம் எனக்குத் தெரியும். சைக்கிள் ஸ்போக்! ஒற்றை ஸ்போக்கை விரலால் வளைத்துவிடலாம். எல்லாம் சேர்ந்து இறுகி நின்றால் இரண்டு ஆளையும் ஒரு சிலிண்டரையும் தாங்கும். அங்கே படுத்துக்கொண்டு ஒவ்வொரு 'டிங்'கையும் எண்ணிக்கொண்டிருந்தேன்.

வீட்டுக்கு அனுப்பும்போது மனைவியின் கையில் ஒரு சின்ன ஸ்பேனரைக் கொடுத்து, வளையத்தில் துண்டை நகர்த்துகிற நட்டுகளைக் காட்டி, "ஒரு நாளைக்கு நாலு தடவை, தடவைக்குக் கால் சுத்து. அவ்ளோதான்" என்றார் டாக்டரம்மா.

"காலுக்குக் கால் சுத்து" என்றேன். அதற்கும் யாரும் சிரிக்கவில்லை.

தெருவில் எல்லாருக்கும் நான் வேடிக்கையானேன். "இன்னா அண்ணாத்த, காலுல டவர் வச்சிகினு கீறே, சிக்னல் வருதா?" என்றார் டீக்கடைக்காரர். மனைவி கம்பி நுழைந்த இடங்களையெல்லாம் துடைத்துவிட்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு நட்டைத் திருப்புவாள். நகர்வது கண்ணுக்கே தெரியாது. அதுதான் என் பிரச்சினை. கடை ஷட்டர் இறங்கிக் கிடக்கிறது. எதிரில் ஒரு நட்டு. நட்டைப் பார்த்தால் என் கை சும்மா இருக்குமா? அவள் குளிக்கப் போகும்போதெல்லாம் என் டூல்ஸ் பெட்டியிலிருந்து ஸ்பேனர் எடுத்து, கூடுதலாகக் கால் சுற்று, அரைச் சுற்று. சீக்கிரம் முடிந்துவிடுமே! கால்விரல்கள் மடங்கி மரத்துப்போயின. வேலை நடக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

அடுத்த எக்ஸ்ரேயில் புது எலும்பு இருக்கவேண்டிய இடம் வெறும் கறுப்பு.

"யாரு திருப்புறது?"

"நான்தாம்மா. நீங்க சொன்ன மாதிரிதாம்மா" என்றாள் மனைவி. நான் இருமினேன். பிறகு உண்மையைச் சொன்னேன்.

டாக்டரம்மா திட்டவில்லை. "மெக்கானிக்தானே நீங்க? ஓவரா டைட் பண்ணா என்ன ஆகும்?"

"நட்டோட த்ரெட்டு பூடும்."

"போயிருக்கு."

நட்டுகளைப் பின்னால் திருப்பி, நகர்ந்ததில் பாதியை விட்டுக்கொடுத்துக் காத்திருக்கச் சொன்னார். வந்தால் வரும், என்றார். அன்று மனைவி, டாக்டரம்மா கொடுத்த சின்னதைத் தவிர வீட்டிலிருந்த ஸ்பேனர்களை எல்லாம் கடையில் போட்டுப் பூட்டி, சாவியை இடுப்பில் சொருகிக்கொண்டாள். "அந்தம்மா முன்னாடி என்னத் திருடியா நிக்க வச்சிட்டியேய்யா" என்றாள்.

இன்னொரு உத்தரவும் இருந்தது: நடக்கணும். பாரம் ஏறினால்தான் எலும்பு கெட்டிப்படுமாம். வாக்கரை ஊன்றி மலையடித் தெருவில் நடந்தேன். வெளியூர் பக்தர் ஒருவர் என் காலைப் பார்த்துக் கும்பிட்டு, "கால்லயே அலகு குத்திக்கிட்டீங்களே, எந்தச் சாமிக்கு வேண்டுதல்?" என்றார். பொறுமைக்கு ஒரு சாமி இருந்தால் அதற்குத்தான்.

அப்புறம் ஒரு நாள் டாக்டரம்மா எக்ஸ்ரேயை விளக்குக்கு முன்னால் பிடித்தார். கறுப்பாக இருந்த இடத்தில் ஊதுபத்திப் புகை மாதிரி ஏதோ. உற்றுப் பார்த்தால் இழை இழையாக, மேலிருந்தும் கீழிருந்தும், நடுவில் சந்திக்கப் பார்க்கிற நூல்கள். யாரும் எதையும் அங்கே வைக்கவில்லை. நான் டீ குடித்தபோதும், கம்பி வலிக்கிறது என்று கத்தியபோதும், தூங்கியபோதும் அது பாட்டுக்கு நெய்துகொண்டிருந்திருக்கிறது. நான் அதற்குச் செய்த ஒரே உபகாரம் இடைஞ்சல்.

மனைவி எக்ஸ்ரேயை வாங்கி நெஞ்சோடு வைத்துக்கொண்டாள்.

புகை நூலாகி, நூல் எலும்பாகி, இழுத்துவந்த துண்டு கீழ்த்துண்டில் முட்டி ஒட்டி, ஒரு நாள் வளையங்களைக் கழற்றினார்கள். கால் இளைத்திருந்தது. ஆனால் கால் இருந்தது.

போன மாதம் அதே ரோடு. நான் படுத்திருந்த காலத்தில் மனைவி ஸ்கூட்டர் பழகிவிட்டாள். அவள் ஓட்ட, பின்னால் மீன் பையோடு நான். முன்னால் மச்சானின் வண்டி இருமியது, திக்கியது, நின்றது. பெட்ரோல்.

"மாமா..." என்று திரும்பிப் பார்த்து இளித்தான்.

நான் காலை லேசாக நீட்டிப் பார்த்தேன். "இன்னாமே, நீ ஸ்லோவா ஓட்டினு வா. நான் காலு குடுத்துத் தள்றேன். இப்போ புது எலும்பு."

அவள் பிரேக் பிடித்தாள்.

"எறங்கி நட."