இறப்பில் செருகிய இலை

அச்சுமையும் அதைக் கழுவுகிற மண்ணெண்ணெயும் கலந்த நெடி எந்தத் தெருவில் மூக்கில் ஏறினாலும், போகிற காரியத்தை மறந்து நின்றுவிடுகிறேன். யாழ்ப்பாணப் பட்டினத்தில் மாமாவின் அச்சுக்கூடம் அப்படித்தான் மணக்கும். மாமா அம்மாவின் தமையன். அப்பா இல்லாத வீட்டுக்கு அவர் சொல்தான் சட்டம்.

இரண்டாம் உலக யுத்தத்துக்கு முந்திய வருஷங்கள். நானும் ஒரு கூட்டாளியும் அங்கே புத்தகம் அச்சடிக்க முனைந்தோம். போர்த்துக்கேயப் பறங்கியர் காலத்தில் எங்கள் பகுதியில் அவர்களுக்குக் கீழே அதிகாரம் பண்ணிய ஒரு முதலியாரின் சரித்திரம். முதலியார் அம்மா வழியில் எங்கள் மூதாதை. கூட்டாளி கரையோரத்து வேதக்காரன், கத்தோலிக்கன், என்னோடு ஒரே வாங்கில் இருந்து படித்தவன். பினாங்கில் கிளாக்கர் வேலைக்குக் கப்பலேற இருந்தான். அதற்கு முன் புத்தகத்தைக் கையில் பிடித்துப் பார்த்துவிட வேண்டும் என்று பறந்தான்.

எங்கள் ஊரார் சொன்ன முதலியார், கோயிலை இடிக்க வருகிறார்கள் என்று கேட்டதும் பிள்ளையாரைத் தூக்கிக் கிணற்றில் இறக்கியவர். அவன் ஊரார் சொன்ன முதலியார், ஞானஸ்நானம் பெற்று, அவர்கள் தேவாலயத்துக்குக் காணி கொடுத்தவர். ஒரே மனிதர். வெயிலில், புழுதியில், சைக்கிளில் அலைந்தோம். எது பொய் என்று வழி முழுக்கச் சண்டை பிடித்தோம்.

ஆடி அமாவாசை. அப்பாவுக்காக நான் விரதம். மத்தியானம் அவனும் வந்திருந்தான். அம்மா அவனுக்கு வெளிவிறாந்தையில் இலை போட்டா. அந்தக் காலம் அப்படி. நானும் அங்கேயே அவனோடு இருந்தேன். காத்தோட்டிக்காயின் கசப்புக்கு முகத்தைச் சுளித்துக்கொண்டு சாப்பிட்டான். முடிந்ததும் அம்மா என் இலையைச் சுருட்டிக் கூரை இறப்பில், தாழ்வார ஓலைக்கடியில், செருகினா. அவனுடையதை மாட்டுக்குப் போட்டா.

"என்ரை இலைக்கு அந்த மரியாதை இல்லையோ, அம்மா?"

"நீ விரதம் இல்லைத்தானே, தம்பி. விரதகாரற்றை இலையை வெளியிலை எறியிறேல்லை. பறங்கி கண்டால், சைவமெண்டு பிடிச்சுக்கொண்டு போவான்."

"பறங்கி போய் முந்நூறு வருஷம் ஆகப்போகுது."

"போனால் என்ன? செருகிறது செருகிறதுதான்."

அவன் சிரிக்கவில்லை. இறப்பையே பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மெல்லச் சொன்னான்: "மச்சான், முதலியாரின்ரை ரெண்டு கதையும் மெய்யடா. அந்தாள் எங்கடை கோயிலிலை முழங்காலிலை நிண்டுபோட்டு, இஞ்சை வந்து விரதம் இருந்திருக்குது. இலையை ஒளிச்சிருக்குது."

அன்று பின்னேரமே, முதலியார் ஒளித்து விரதம் இருந்ததைப் புத்தகத்தில் ஓர் அதிகாரமாக எழுதத் தொடங்கினோம். ஒரு வரி அவன், ஒரு வரி நான். பயந்த ஒரு மனிதர், பயத்துக்குள்ளே இரண்டு பக்கத்துக்கும் உண்மையாக இருக்கப் பார்த்தவர். அதுவரை நாங்கள் எழுதி வைத்திருந்த வீரர் அதன் பக்கத்தில் மரப்பொம்மை.

மாமா வாசித்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றினார்.

"மருமோன், உந்த அதிகாரத்தை எடுத்துப்போடு, நாளைக்கே மெசின் ஓடும். எங்கடை முதலியார் வேதத்துக்குப் போனவரெண்டு நாங்களே எழுதிறதோ? உன்ரை தங்கச்சிக்குக் கலியாணப் பேச்சுக்கால் நடக்குது, தெரியுமல்லோ?"

அவன் தேவாலயத்துச் சுவாமியாரும் ஆளனுப்பிச் சொல்லிவிட்டார்: காணி தந்தவரைக் கள்ள விசுவாசி என்று எழுதவேண்டாம்.

அச்சுக்கூடத்தில் கோத்த ஈய எழுத்துகள் பலகையில் அப்படியே கிடந்தன. கப்பல் நாள் வந்துவிட்டது. கொழும்பு ரயிலில் அவனை ஏற்றிவிடப் போனேன். வெறுங்கையோடு போகிறான் என்பதுதான் எனக்குள் குத்திக்கொண்டிருந்தது. யன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு, அந்த அதிகாரத்தை என்ன செய்யிறது என்று கேட்டேன். ரயில் ஊதிவிட்டது.

"ஒரு வரியும் வெட்டாதை, மச்சான். வேறை அச்சுக்கூடம் பார். மாமா கேட்டால், அதை வேதக்காரன் எழுதினவனெண்டு சொல்லு. எங்கடை சுவாமி கேட்டால், சைவக்காரன் எழுதினவனெண்டு சொல்லு. அவையள் ஒருத்தரிட்டை ஒருத்தர் போய்க் கேக்கமாட்டினம்."