சேலையூர் பெட்ஷீட்டுகளில் ஓடிய ரயில்

எஸ்தர் டீச்சரின் தங்கை மகள் தொலைபேசியில் அழைத்தாள். "அங்கிள், பெரியம்மா காலையில தூக்கத்துலேயே போயிட்டாங்க. நீங்க அவசியம் வரணும். உங்களுக்கு ஒண்ணு வெச்சிருக்காங்க."

தாம்பரத்தை அடுத்த சேலையூரில் டீச்சரை அறிந்தவர்களில் என்னைவிட நன்றாக எழுதக்கூடியவர்கள் உண்டு. நான் கணக்கு வாத்தியார். வரிசைப்படுத்தாமல் எழுத வராது. ஆகவே சொல்லப்போவதை முதலிலேயே குறித்துவிடுகிறேன்.

1. டீச்சர் தாம்பரத்துக்குத் தாம்பரத்தையே காட்டினார்.
2. அதற்கு ஊராரின் பெட்ஷீட்டுகளே போதுமாயிருந்தன.
3. அன்று நான் அவர் படைப்பைக் கெடுத்தேன்.

எழுபதுகளின் தொடக்கம். டீச்சர் எங்கள் பள்ளியில் ஓவிய ஆசிரியை. ஆனால் தாளோடு நிற்கமாட்டார். ஒருமுறை உடைந்த பெஞ்சுகளை மைதானத்தில் செங்குத்தாக நட்டு, தோப்பு என்றார். தாளாளருக்குப் பொறுக்கவில்லை. ஓவிய வகுப்பை எடுத்துவிட்டு டைப்ரைட்டிங் வைக்க முடிவு செய்தார். டீச்சர் அவரிடம், "ஒரே ஒரு சாயங்காலம் குடுங்க சார். ஜனங்க எழுந்து போயிட்டா, நானும் போயிடறேன்" என்றார்.

தாம்பரம் ஸ்டேஷனில் காலை ரயிலுக்கு ஓடும் கூட்டத்தை, இரவல் கேமராவில் அவர் படம் பிடித்திருந்தார். திரைக்கு வீடு வீடாக வெள்ளை பெட்ஷீட் கேட்டோம். மாறிப்போகும் என்று எல்லோரும் தயங்கினார்கள். சலவைக்காரர் முனுசாமிதான் முன்வந்தார். "மூலைல நான் போட்ட மைக்குறி கீதும்மா. யார் வூட்டுதுன்னு கண்ண மூடிகினே சொல்வேன்." மைதானம் முழுக்கக் கொடி கட்டித் தொங்கவிட்டோம். புரொஜக்டர் என் பொறுப்பு. என்ன செய்யவேண்டும் என்பதை ஒரு தாளில் எழுதி வைத்துக்கொண்டேன்.

இருட்டியதும் படம் ஓடியது. வெள்ளைப் புடவையில் டீச்சர் விரிப்புகளுக்கிடையே நடந்தார். படத்திலிருந்த கூட்டம் அவர் புடவைமேலும் ஓடியது. படம் முடிந்தது. யாரும் கை தட்டவில்லை. பின்வரிசையில் இரண்டு பேர் எழுந்தார்கள். தாளாளர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்.

சுருளைத் திருப்பிச் சுற்றுமுன் புரொஜக்டர் விளக்கை அணைக்கவேண்டும். தாளில் எழுதியிருந்தேன். பதற்றத்தில் மறந்தேன்.

திரையில் ரயில் பின்னோக்கி வந்தது. ஏறியவர்களெல்லாம் முதுகு காட்டி இறங்கி, படிகளில் பின்னோக்கி ஓடினார்கள். டீச்சர் ஒரு கணம் நின்றார். பிறகு அவரும் பின்னோக்கி நடக்கத் தொடங்கினார்.

"யோவ் கந்தசாமி! ஆபீஸ் போவாமலே வூட்டுக்கு வந்துகினு கீறியே!" என்று திரையில் தெரிந்த ஊர்க்காரரைக் காட்டி முனுசாமி கத்தினார்.

"லீவு போட்டுட்டேன்யா!" என்றார், முன்வரிசையில் உட்கார்ந்து படம் பார்த்துக்கொண்டிருந்த கந்தசாமி. மைதானமே எழுந்து நின்று கை தட்டியது. போகக் கிளம்பிய இருவரும் திரும்பி வந்து உட்கார்ந்தார்கள். தாளாளர் என்னிடம் வந்து, "இன்னொரு தடவை போடுங்க சார், அந்தப் பின்னால போறதை" என்றார். டைப்ரைட்டிங் வரவில்லை. டீச்சர் ஓய்வுபெறும்வரை ஓவிய வகுப்பு நடந்தது.

டீச்சரிடம் மன்னிப்புக் கேட்டேன். "எதுக்கு சார்? காலையில போனவங்களை நான் அங்கேயே விட்டுட்டேன். நீங்கதான் வீட்டுக்குக் கூட்டிட்டு வந்தீங்க" என்றார். என் மனம் நோகாமலிருக்கச் சொன்னது என்றே இத்தனை வருடமும் நினைத்திருந்தேன்.

எனக்காக அவர் வைத்திருந்தது அந்தச் சுருளின் தகர டப்பா. மூடியில் அவர் கையெழுத்து: "முன்னால் ஓட்டியது, எஸ்தர். பின்னால் ஓட்டியது, சதாசிவம் சார்." மை மங்கியிருக்கிறது, அன்றைக்கே எழுதியிருக்கவேண்டும்.

அது இப்போது என் மேசைமேல் இருக்கிறது. மேலே மூன்றாவதாக நான் குறித்தது தவறு.